ஸ்டேஷனுக்கு ஒரு லோடு மணல்

ஊரில் அவரை எல்லோரும் ரசீது என்றுதான் கூப்பிடுவார்கள். டீ குடித்தாலும் கடைக்காரனிடம் சீட்டு கேட்கிற ஆள் என்று கிண்டல். இருபது வருஷமாக டிப்பர் லாரி ஓட்டுகிறார், அதுவும் சொந்த வண்டி. ரசீது இல்லாமல் ஒரு லோடு ஏற்றியது கிடையாது. அப்படிப்பட்ட மனுஷன் மேல்தான் மணல் திருட்டு வழக்கு விழுந்தது. வயிறு எரியாமல் என்ன செய்யும்?

அன்று அவர் ஏற்றி வந்தது எம்-சாண்ட், குவாரியில் கல்லை அரைத்து எடுக்கிற மணல். பதினொரு மணிக்குள் இறக்க வேண்டும் என்று சீட்டில் போட்டிருந்தது. வழியில் டயர் பஞ்சர். பதினொன்றே முக்காலுக்கு வண்டியை மறித்த போலீஸ், சீட்டு செல்லாது என்றது. அதோடு விட்டிருந்தால் தலையெழுத்து என்று போயிருப்பார். வண்டியை ஸ்டேஷனில் நிறுத்திவிட்டு, கைப்பற்றிய பட்டியலில் "ஆற்று மணல், ஒரு லோடு" என்று எழுதிவிட்டார்கள். எம்-சாண்ட் சாம்பல் நிறம், கண் உள்ள எவனுக்கும் தெரியும். எழுதியவருக்கும் கண் நன்றாகத்தான் இருந்தது. அந்த மாசக் கணக்குக் காட்ட ஆற்று மணல் வழக்கு ஒன்று குறைந்தது, அவ்வளவுதான்.

"லோடு வண்டியிலயே இருக்குல்ல சார், ஒரு பிடி எடுத்து லேப்புக்கு அனுப்பச் சொல்லுங்க. நான் திருடன் இல்லைன்னு அதுவே சொல்லிடும்" என்று நாலு மாசமாக வக்கீலை நச்சரித்தார். வக்கீலும் மனு போட்டார். அது கிணற்றில் போட்ட கல்லாகக் கிடந்தது. வண்டியைக் கேட்டுப் போட்ட மனுவுக்கு மட்டும் கோர்ட் உத்தரவு வந்தது: லோடை ஸ்டேஷனில் இறக்கி வைத்துக்கொண்டு வண்டியை உரியவரிடம் ஒப்படைக்கலாம்.

வெள்ளிக்கிழமை காலை உத்தரவோடு போனார். ஸ்டேஷனுக்குப் பின்னால் வண்டி நின்றது, டயரைச் சுற்றிப் புல் முளைத்திருந்தது. ஏறிப் பார்த்தால் பெட்டி காலி. விளக்குமாறு போட்டுப் பெருக்கிய மாதிரி காலி. பக்கத்தில் புதுச் சுற்றுச்சுவர் ஒன்று எழும்பியிருந்தது. பூச்சு முடிந்து இன்னும் வெள்ளையடிக்கவில்லை.

"லோடு எங்க சார்?"

உள்ளே மேஜையில் இருந்த ஸ்டேஷன் எழுத்தர் நிமிரவே இல்லை. "அத நீதான் சொல்லணும். லோடு இறங்கினாத்தான் வண்டி. உத்தரவுல அப்படித்தானே போட்டிருக்கு?"

"உங்க சுவத்துல இருக்கு சார்."

"வாய் இருக்கே வாய்!" எழுத்தர் பேனாவை மூடினார். "திங்கக்கிழமை இங்க நிக்கிற வண்டியெல்லாம் ஏலம். உன்னோடதும் லிஸ்ட்ல இருக்கு. நாளைக்குள்ள ஒரு லோடு கொண்டாந்து கொட்டிட்டு எடுத்துட்டுப் போ."

"சரி சார், குவாரியில எம்-சாண்ட் வாங்கிட்டு வந்துடறேன்."

"யோவ், பட்டியல்ல ஆத்து மணல்னு இருக்கு. எம்-சாண்ட வச்சு நான் என்ன பண்றது?"

ஆற்றில் மணல் அள்ளத் தடை வந்து மூன்று வருஷம். ரசீதோடு வாங்க எந்த மூலையிலும் ஆற்று மணல் கிடையாது. திருடினால்தான் உண்டு. வக்கீலுக்கு ஆறு தடவை போன் போட்டார், எடுக்கவில்லை.

"என் தம்பிகிட்ட கேளுங்க" என்றாள் மனைவி, முகத்தைப் பார்க்காமல்.

அவள் தம்பிக்கு ராத்திரி மணல்தான் பிழைப்பு. திருட்டு மணல் ஓட்டுகிறவன் என் வாசப்படி மிதிக்கக் கூடாது என்று ஆறு வருஷமாக மச்சானை ஒதுக்கி வைத்திருந்தவர் ரசீது. இப்போது அவன் வாசலில் போய் நின்றார். மச்சான் நாற்காலியை இழுத்துப் போட்டான், காரணம் கேட்கவில்லை. "ஒரு லோடுதானே மாமா, நாளைக்கு மத்தியானம் கொண்டாந்துடறேன்" என்றவன், வாய் சும்மா இருக்காமல், "ரசீது வேணுமா?" என்றான். ரசீதுக்குக் காதெல்லாம் சுட்டது.

சனிக்கிழமை உச்சி வெயிலில் திருட்டு மணல் பட்டப்பகலில் போனது. மச்சான் தன் லாரியை ஓட்ட, அவர் பக்கத்தில் தலைகுனிந்து உட்கார்ந்திருந்தார். அன்று அவரை மறித்த அதே போலீஸ்காரர் அதே இடத்தில் நின்றார். மச்சானைப் பார்த்துச் சிரித்துக் கையாட்டினார்.

மணல் இறங்கியதும் எழுத்தர் ஒரு தாளை நீட்டினார். அதில் எழுதியிருந்தது: "என் வண்டியில் கைப்பற்றப்பட்ட ஆற்று மணல் இதுவே."

"இதுல கையெழுத்துப் போட்டா, நான் திருடன்னு நானே எழுதிக் குடுத்த மாதிரி ஆயிடுமே சார்."

"கேஸ் நடக்கவே பத்து வருஷம் ஆகும். அதுவரைக்கும் எவன் வந்து இத லேப்புக்குத் தூக்கிட்டுப் போகப்போறான்? வண்டி வேணுமா, வேணாமா?"

வேண்டும். வண்டி இல்லாத நாலு மாசத்தில் வீடு பட்ட பாடு அவருக்குத்தான் தெரியும். போட்டார். இருபது வருஷத்தில் அவர் போட்ட முதல் பொய்க் கையெழுத்து அது.

பேட்டரி மாற்றி, மெல்ல ஓட்டி வந்து வீட்டு வாசலில் நிறுத்தினார். மனைவி ஓடி வந்து கதவைத் தொட்டுப் பார்த்தாள். அப்போதுதான் போன் அடித்தது, வக்கீல்.

"நேத்து பூரா கோர்ட்லயே மாட்டிக்கிட்டேன், போன் எடுக்க முடியல. நல்ல சேதி! நம்ம லேப் மனுவை ஏத்துக்கிட்டாங்க. திங்கக்கிழமை லேப் ஆபீசரே நேரா ஸ்டேஷனுக்கு வந்து அந்த லோடுல மணல் எடுக்கப் போறார். இனிமே உங்கள எவனும் திருடன்னு சொல்ல முடியாது. நாலு மாசமா என் உயிர எடுத்தீங்களே, இப்ப சந்தோஷம்தானே?"

போன் கட்டான பிறகும் காதிலேயே வைத்திருந்தார்.

"வக்கீல் என்னங்க சொல்றாரு?" என்றாள் மனைவி.

"ஜெயிச்சுட்டோமாம்" என்றார்.