ஆட்டத்துக்கு முன் இரண்டு வார்த்தை

விளையாட்டு உலகம் எழுந்து நின்று கேட்க வேண்டிய செய்தி ஒன்று: சனிக்கிழமை மாலை, ஒரு பள்ளிக்கூட மைதானத்தில், பன்னிரண்டு வயதைத் தாண்டாத இருபத்திரண்டு பிள்ளைகள் ஹாக்கி ஆடப்போகிறார்கள். சரித்திரம் பேனாவுக்கு மை ஊற்றிக்கொண்டு காத்திருந்தது. சரித்திரத்தின் உள்ளூர் முகவரான விளையாட்டு நிருபர் காலையிலிருந்து முட்டிபோட்டு, சுண்ணாம்புத் தூளால் கோடு போட்டுக்கொண்டிருந்தார்.

பத்திரிகை அலுவலகத்தில் அவருக்கு 'மட்டை' என்று பெயர். வருடக்கணக்காகப் பள்ளி ஹாக்கி, பள்ளி ஹாக்கி என்று எல்லார் உயிரையும் வாங்கியதற்குக் கிடைத்த பட்டம். கிரிக்கெட் வீரர் முடிவெட்டிக்கொண்டால் அரைப் பக்கம். பள்ளி ஹாக்கிக்கு, இரங்கல் விளம்பரம் குறைந்த நாளில் நாலு வரி. "சார், அஸ்திவாரம் எங்க இருக்குன்னா..." என்று அவர் வாயைத் திறந்தால் ஆசிரியருக்கு உடனே எங்கிருந்தோ போன் வந்துவிடும். வீட்டில் மனைவி மிக்ஸியைப் போட்டுவிடுவாள். அரைக்க ஒன்றும் இல்லாவிட்டாலும் போடுவாள்.

இந்த ஆட்டத்துக்காகத் தலைமையாசிரியையிடம் நடையாய் நடந்து, செருப்புத் தேய்ந்ததுதான் மிச்சம் என்று அவர் கைகழுவப்போன நேரத்தில் அந்த அம்மாள் இறங்கி வந்தார்.

"கிரவுண்டைக் கார் நிறுத்தக் கேக்கிறாங்க சார். ஒரு மேட்ச் ஆடிக் காட்டுங்க. பேரண்ட்ஸ் பார்த்துட்டு நல்லாருக்குன்னா கிரவுண்டு பிள்ளைங்களுக்கு. இல்லன்னா காருக்கு."

எதிரணிப் பள்ளியின் பஸ் மூன்று மணிக்கே வந்துவிட்டது. பிள்ளைகள் இறங்குமுன் டிரைவர் இறங்கி வந்தார். "சார், அஞ்சு மணிக்கு வண்டியை எடுத்துருவேன். ஃபேக்டரி ஷிஃப்ட் ஆளுங்களை ஏத்தணும். அப்புறம் கெஞ்சக் கூடாது."

"அதுக்குள்ள ரெண்டு மேட்ச் ஆடலாம்ணே" என்றார் மட்டை. அவர் இன்னும் மைதானத்தைத் திரும்பிப் பார்க்கவில்லை.

திரும்பினால், காலையில் போட்ட நடுக்கோட்டின் மேல் நாற்காலிகள். கோலுக்கு முன்னால் உள்ள அரைவட்டத்துக்குள், கோலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, ஒரு மேடை.

"மேடம், அது கோல் அடிக்கிற இடம்."

"அங்கதான் சார் நிழல் இருக்கு. சங்கத் தலைவரை வெயில்லயா உட்கார வைக்க முடியும்?"

"அப்ப ஆட்டம்?"

"அவர் பேசி முடிச்சதும் எடுத்துருவாங்க. பசங்கதானே, நிப்பாங்க. அதுங்களுக்கு என்ன வேலை?"

ஹாக்கி சங்கத் தலைவர் வாழ்நாளில் ஹாக்கி ஸ்டிக்கைத் தொட்டது ஒரே முறை, போட்டோவுக்காக. அதையும் தலைகீழாகப் பிடித்திருந்தார். காக்க வைப்பது பெரிய மனிதருக்கு அழகு என்பதால் அரைமணி தாமதித்து வந்தார். ரிப்பன் வெட்டப்போனார், கத்தரிக்கோல் மறுத்தது, இன்னொரு கத்தரிக்கோலைத் தேடி ஓடினார்கள். பிறகு மைக்கைப் பிடித்து, "நேரமின்மையைக் கருதிச் சுருக்கமாக" என்று தொடங்கினார். அப்படித் தொடங்கியவர் யாரும் சுருக்கியதாக இதுவரை தகவல் இல்லை. தன் முழங்கால் ஆபரேஷனில் கிளம்பி, மருமகன் வாங்கிய வீட்டில் இளைப்பாறி, இளைய தலைமுறையின் ஒழுக்கத்தில் வந்து இறங்கினார்.

மேடையோரம் கோல்கீப்பர் பெண் நின்றுகொண்டிருந்தாள். நெஞ்சுக்குக் கவசம், காலுக்கு மெத்தை என்று எல்லாம் மாட்டியாகிவிட்டதால் உட்கார முடியாது. கூட ஆடுபவர்கள் அவளைச் 'சோபா' என்று கூப்பிட்டார்கள்.

"அங்கிள், எப்ப ஆரம்பிப்பீங்க? எனக்கு அவசரமா வருது."

"போயிட்டு வாம்மா."

"இதெல்லாம் கழட்டணும். கழட்டினா ஆரம்பிச்சுருவீங்க."

"சோபாவை அப்படியே நாலு பேர் தூக்கிட்டுப் போலாமா சார்?" என்று பின்னாலிருந்து ஒரு யோசனை வந்தது.

மட்டைக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பக்கத்தில் நின்ற போட்டோக்காரரிடம் பல்லைக் கடித்தார். "இந்த ஆளுக்கு வாய்க்குப் பூட்டே கிடையாதாய்யா? பிள்ளைங்க காயுதுங்க, பேசிட்டே இருக்கான்."

"மெதுவாண்ணே. அவருக்குக் காது நல்லா கேக்கும்."

ஒருவழியாகத் தலைவர் முடித்தார், காரில் ஏறினார், போனார். ஐந்து மணிக்கு இன்னும் அரைமணி இருந்தது. பாதி ஆட்டமாவது ஆடிவிடலாம். மேடையை டிரைவரும் ஒரு கை பிடித்துத் தள்ளினார். மட்டை தானே ஓடி நாற்காலிகளைக் கோட்டுக்கு வெளியே இழுத்துப் போட்டார். பெற்றோர் கோட்டோரம் அவற்றில் வந்து உட்கார்ந்தார்கள். பிள்ளைகள் அவரவர் இடத்துக்கு ஓடினார்கள். சோபா கோலுக்குள் போய் நின்றாள். நடுவர் விசிலை வாயில் வைத்தார்.

"ஒரு நிமிஷம்" என்றார் தலைமையாசிரியை, மைக்கில். "இதுக்கெல்லாம் காரணமான நிருபர் சார் ரெண்டு வார்த்தை பேசுவார்."

"வேண்டாம் மேடம். ஆட்டம்..."

"ரெண்டே வார்த்தை சார்."

சரி, இரண்டே வார்த்தை. "ஆட்டம் தொடங்கட்டும்" என்றார் மட்டை.

கைதட்டினார்கள். அதுதான் வினை. எதிரே அத்தனை முகங்கள், அத்தனையும் அவர் வாயையே பார்த்துக்கொண்டு. யாருக்கும் போன் வரவில்லை. எங்கும் மிக்ஸி ஓடவில்லை.

"ஆனால், அதற்கு முன்..." என்றார்.

வருடக்கணக்காகத் தேங்கியிருந்தது மடை திறந்தது. ஹாக்கியின் அஸ்திவாரம் எங்கே இருக்கிறது என்று சொன்னார். அது ஏன் இடிந்தது, யார் இடித்தார்கள் என்று சொன்னார். ஒரு அப்பா கேட்டுக்கொண்டே கையிலிருந்த போனைச் சட்டைப்பைக்குள் போட்டார். ஒரு அம்மா மூக்கை உறிஞ்சினாள். நடுவர் விசிலை வாயிலிருந்து எடுத்துத் துடைத்து வைத்துக்கொண்டார். போட்டோக்காரர் மணிக்கட்டைத் தட்டித் தட்டிக் காட்டினார். படம் எடுக்கப்போகிறான் என்று மட்டை முகவாயை லேசாக உயர்த்தினார். பஸ் ஹார்ன் அடித்தது. குரலை ஏற்றினார். மறுபடியும் அடித்தது. இன்னும் ஏற்றினார்.

"ஆகவே, பிள்ளைகளைப் பேச்சால் வளர்க்க முடியாது, ஆடவிட்டுத்தான் வளர்க்க வேண்டும்" என்று அவர் முத்தாய்ப்பு வைத்தபோது, எதிரணி பஸ்ஸில் இருந்தது. பஸ் சாலையில் இருந்தது. சோபா எல்லாவற்றையும் கழற்றிப் போட்டுவிட்டு எப்போதோ ஓடியிருந்தாள்.

பெற்றோர் எழுந்து நின்று கைதட்டினார்கள். தலைமையாசிரியை கண்ணைத் துடைத்துக்கொண்டு வந்தார்.

"உடம்பே சிலிர்த்துப்போச்சு சார். வருஷா வருஷம் இதை நடத்தியே ஆகணும்னு பேரண்ட்ஸ் எல்லாரும் ஒரே குரலா சொல்லிட்டாங்க."

"அப்ப கிரவுண்டு பிள்ளைங்களுக்குத்தானே மேடம்?"

"இதுக்கு எதுக்கு சார் கிரவுண்டு? ஹால்லயே வச்சுக்கலாம். ஃபேன் இருக்கு."

அன்று பந்தை யாரும் அடிக்கவில்லை.