பதினேழு கூமுட்டைகள்

சியாவ் போருய்க்கு நாற்பத்தொரு வயது. ஃபெங்யுவான் ஊரில் வீடு வீடாகத் தண்ணீர் வடிகட்டும் கருவி விற்றுக்கொண்டிருந்தவன், பொம்மை பிடிக்கும் இயந்திரத்தின் முன்னால் நின்று பேசுவதையே தொழிலாக்கிக்கொண்டு ஆறு வருடம் ஆகியிருந்தது. கண்ணாடிப் பெட்டிக்குள் பொம்மைகள் குவிந்து கிடக்கும். காசு போட்டால் மேலிருந்து மூன்று விரல் கொக்கி இறங்கும். நேரம் நன்றாக இருந்தால் ஒன்றைக் கவ்விக்கொண்டு வந்து ஓட்டையில் போடும். அதில் ஜெயிப்பது எப்படி என்று அவன் வீடியோ போட்டான். 'கொக்கி மாமா' என்று பெயர். அறுபத்து மூவாயிரம் பேர் பின்தொடர்ந்தார்கள். அதில் எத்தனை பேர் நிஜமாகவே பார்க்கிறார்கள் என்று கேட்பவர்களை அவனுக்குப் பிடிக்காது. பல் ஆஸ்பத்திரியில் வேலை பார்க்கும் அவன் மனைவி ஹுய்ஜென் அதை அடிக்கடி கேட்பாள்.

சண்டை மார்ச் மாதம் தொடங்கியது. தைச்சுங் நகரத்தில் இதே தொழிலில் சாய் யுன்ஜே என்று ஒருத்தி இருந்தாள். ஒரே காசில் பொம்மையைத் தூக்கிவிடுவாள் என்பதால் 'ஒத்தக்காசு யுன்ஜே'. அவள் ஒரு வீடியோவின் நடுவில் போகிறபோக்கில் இப்படிச் சொன்னாள்:

"சில மாமாங்க இருக்காங்க. மெஷின்கிட்ட இருபது நிமிஷம் கதை பேசுவாங்க. கடைசில ஒரு தலகாணியைத் தூக்கிட்டு வீட்டுக்குப் போவாங்க."

பெயர் சொல்லவில்லை. முந்தின வாரம்தான் போருய் ஒரு தலையணை ஜெயித்து, அதைக் கட்டிப்பிடித்தபடி வீடியோவை முடித்திருந்தான்.

பெரிய மனிதனாக நடந்துகொள்வது என்று முடிவெடுத்தான். அந்தப் பெருந்தன்மை நான்கு நாள் தாங்கியது. ஐந்தாம் நாள் கறுப்புச் சட்டை போட்டுக்கொண்டு, சோபாவில் நிமிர்ந்து உட்கார்ந்து, 'இதுவரை நான் அமைதியாக இருந்தேன்' என்ற தலைப்பில் நாற்பத்தேழு நிமிட வீடியோ ஒன்றை வெளியிட்டான். அதில் அவளுடைய குட்டை உடைத்தான். ஓர் இயந்திரத்தில் மொத்தம் இத்தனை காசு விழுந்தால், அடுத்த முறை கொக்கி விடாமல் இறுக்கிப் பிடிக்கும். அது இந்தத் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்த ஏற்பாடு. யுன்ஜே காமிரா ஓடாதபோது அந்தக் காசையெல்லாம் போட்டுவிட்டு, கடைசிக் காசை மட்டும் காமிரா முன்னால் போடுகிறாள் என்றான். கண்ணைத் துடைத்துக்கொண்டு, தொழில் தர்மம் என்ற சொல்லை ஒன்பது தடவை உச்சரித்தான். அவன் பின்னால் கொடியில் ஹுய்ஜெனின் நைட்டி காய்ந்துகொண்டிருந்ததை அவன் கவனிக்கவில்லை. கீழே வந்த கமெண்டுகளில் பாதி அந்த நைட்டியைப் பற்றியே இருந்தன.

யுன்ஜே பதிலுக்குப் பதினான்கு விநாடி வீடியோ ஒன்று போட்டாள். அதில் பேச்சே இல்லை. போருய் ஏதோ பேசிக்கொண்டே இயந்திரத்தின் பக்கவாட்டில் இடுப்பால் நாசூக்காக ஒரு இடி இடிக்கிறான். ஓரத்தில் தொங்கிக்கொண்டிருந்த கரடி பொத்தென்று விழுகிறது. அதை மெதுவாக ஓடவிட்டு, கல்யாண பேண்டு இசை சேர்த்திருந்தாள். இரண்டு நாளில் எட்டு லட்சம் பேர் பார்த்தார்கள். காலையில் சோயாப்பால் வாங்கப் போனால், கடைக்கார அம்மாள் கரண்டியைக் கீழே வைத்துவிட்டு, "என்ன மாமா, இன்னிக்கு இடுப்பு எப்படி இருக்கு?" என்று கேட்டாள். வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். அவனும் சிரித்தான். வீட்டுக்கு வந்து வாங்கிய பாலைக் குடிக்காமல் வைத்துவிட்டான்.

ஜூன் மாதம் ஒரு சாயங்காலம் நேரலையில் வந்தான். சாதாரணமாக நூற்றைம்பது பேர் எட்டிப்பார்ப்பார்கள். அன்று நாலாயிரம் பேர். அந்த எண்ணைப் பார்த்ததும் தலை கிறுகிறுத்தது. யுன்ஜேயைக் கூமுட்டை என்றான். எண் நாலாயிரத்து முந்நூறானது. இன்னொரு தடவை சொன்னான். அதுவும் ஏறியது. பிறகு அவன் நிறுத்தவில்லை. அர்ச்சனை முடிந்தபோது ஐயாயிரத்தைத் தொட்டிருந்தது.

மூன்று வாரம் கழித்துப் பதிவுத் தபால் வந்தது. பொது இடத்தில் அவமதித்ததாக யுன்ஜே புகார் கொடுத்திருந்தாள். வட்டார அலுவலகத்தின் சமரசக் குழு முன்னால் இருவரும் வர வேண்டும்.

ஹுய்ஜென் கடிதத்தை முழுதும் படித்தாள். "சந்தோஷப்படு. நீ பேசினதை வரிக்கு வரி எழுதி வச்சிருக்காங்க. இவ்வளவு கவனமா உன்னை யாரும் கேட்டதே இல்ல."

"நீ வர்றியா?"

"பல் ஆஸ்பத்திரில லீவு சொல்லிட்டேன். இதை விடுவேனா?"

சமரச அறைக்கு வெளியே ஒரு நீள பெஞ்சு. போருய் பக்கத்தில் மூக்கு சிவந்த ஒரு குட்டைப் பெண் உட்கார்ந்து விடாமல் தும்மிக்கொண்டிருந்தாள். ஏதோ மதில் சுவர்த் தகராறுக்கு வந்தவள் என்று நினைத்து அவளுக்கு டிஷ்யூ கொடுத்தான். "ரொம்ப தாங்க்ஸ் அண்ணா" என்றாள். "வெந்நில தேன் கலந்து குடிங்க" என்றான். உள்ளே இருந்து இரண்டு பெயர்களையும் கூப்பிட்டபோது இருவரும் ஒன்றாக எழுந்தார்கள். வீடியோவில் இருவருமே முகத்தை மென்மையாக்கும் வசதியை அதிகபட்சத்தில் வைத்திருந்தார்கள். அது இல்லாமல் ஒருவரை ஒருவர் பார்த்தது அன்றுதான் முதல்முறை.

"நீங்களா?" என்றாள் அவள். டிஷ்யூவைத் திருப்பித் தரலாமா என்பதுபோல் கையைப் பார்த்தாள்.

சமரசம் செய்பவர் பெயர் லியாவ். சொந்தமாக இரும்புக் கடை வைத்திருந்தார். ஸ்கூட்டர் மோதல், நாய்க்கடி, ஒழுகும் மாடி என்று பார்த்துப் பழகியவர். எழுத்தர் அம்மாளைப் புகாரைப் படிக்கச் சொன்னார். அந்த அம்மாள் ரயில் நிலைய அறிவிப்பின் குரலில் படித்தார்.

"பன்னிரண்டாவது நிமிடம். 'அவ ஒரு கூமுட்டை.' பதின்மூன்றாவது நிமிடம். 'சாதாரண கூமுட்டை இல்ல, அடைகாத்த கூமுட்டை.' பதினைந்தாவது நிமிடம். 'கூமுட்டைக்கு லிப்ஸ்டிக் ஒரு கேடு.'"

லியாவ் கையை உயர்த்தினார். "அடைகாத்த கூமுட்டைன்னா என்னங்க அர்த்தம்?"

போருய் சட்டைக் காலரைச் சரிசெய்தான். "அது... ஒரு வேகத்துல வந்ததுங்க ஐயா."

"மொத்தம் எத்தனை தடவை?"

"பதினேழுங்க," என்றார் எழுத்தர்.

"எல்லாமே கூமுட்டைதானா? வேற ஒரு வார்த்தைகூட வரலையா உங்களுக்கு?"

பேச்சையே பிழைப்பாக வைத்திருப்பவனுக்கு அது வலித்தது. பின்னால் ஹுய்ஜென் இருமுவதுபோல் சிரிப்பை விழுங்கினாள்.

"ஐயா, முதல்ல ஆரம்பிச்சது இவங்க," என்றான். "இவங்க ஒத்தக்காசு எல்லாம் பொய். ஜனவரில போட்ட திமிங்கில வீடியோவை எடுத்துக்குங்க. ஆறாவது நிமிஷம் கையில வாட்ச் மூணு மணி காட்டுது. அடுத்த காட்சில நாலே கால். நடுவுல என்ன பண்ணாங்க?"

"இவரு மட்டும் யோக்கியமா?" யுன்ஜே மூக்கைத் துடைத்தாள். "போன ஆகஸ்ட்ல முயல் வீடியோ. முப்பத்தெட்டாவது நிமிஷம். 'இப்ப மெஷின் மனசு மாறுது'ன்னு சொல்லிக்கிட்டே இடுப்பால ரெண்டு இடி. ஒண்ணு இல்ல, ரெண்டு!"

போருய் ஏதோ சொல்ல வாயெடுத்து நிறுத்தினான். "முப்பத்தெட்டாவது நிமிஷமா? அதுவரைக்கும் பாத்தீங்களா?"

"முழுசாப் பாத்தேன். கேஸுக்கு ஆதாரம் வேணாமா?"

"போன ஆகஸ்ட்ல ஏதுங்க கேஸு?"

யுன்ஜே டிஷ்யூவால் மூக்கை மூடிக்கொண்டாள். காது சிவந்தது.

"நானே எட்டு நிமிஷத்துக்கு மேல பாத்ததில்ல," என்றாள் ஹுய்ஜென், யாரும் கேட்காமலே.

அவனுடைய வீடியோக்களை மக்கள் சராசரியாக இரண்டரை நிமிடம் பார்ப்பதாகப் புள்ளிவிவரம் சொல்லும். ஆனால் ஒவ்வொன்றையும் யாரோ ஒருவர் கடைசி விநாடிவரை பார்த்திருப்பதாகவும் காட்டும். அது தன் அம்மாவாக இருக்கும் என்று ஆறு வருடமாக நினைத்துக்கொண்டிருந்தான். யுன்ஜேயின் வீடியோக்களைத் தானும் ஒன்று விடாமல் பார்த்திருப்பதும் அப்போதுதான் உறைத்தது. குற்றம் கண்டுபிடிக்கத்தான் பார்ப்பதாகத் தனக்கே சொல்லிக்கொண்டிருந்தான்.

லியாவ் கடிகாரத்தைப் பார்த்தார். பன்னிரண்டு அடிக்கப் பத்து நிமிடம். "நேராக் கேக்கறேன். அம்மா, முன்னாடியே காசு போட்டீங்களா?"

"மூணு தடவை," என்றாள் யுன்ஜே. "மூணே மூணு தடவை."

"தம்பி, இடுப்பால இடிச்சீங்களா?"

"பட்டுதுங்க ஐயா." லியாவ் அசையாமல் பார்த்தார். "சரிங்க, இடிச்சேன்."

"முடிஞ்சுது." லியாவ் ஆவணத்தை இழுத்துக்கொண்டார். ஒருவரைப் பற்றி ஒருவர் போட்ட வீடியோக்களை நீக்குவது, இருவரும் சேர்ந்து ஒரு வீடியோவில் மன்னிப்புக் கேட்பது, புகாரைத் திரும்பப் பெறுவது. கையெழுத்தும் முத்திரையும் விழுவதற்கும் லியாவின் சாப்பாட்டுப் பெட்டி வருவதற்கும் சரியாக இருந்தது.

அந்த வாரமே வீடியோ எடுத்தார்கள். பக்கத்தில் பக்கத்தில் நின்று, இடுப்பை வளைத்துக் குனிந்து, பத்து எண்ணி நிமிர்ந்தார்கள். கொடியில் நைட்டி இல்லை. போருய் மூன்று தடவை சரிபார்த்திருந்தான். நாடு முழுவதும் நெகிழ்ந்துபோகும் என்று அவன் எதிர்பார்த்தான். முதல் கமெண்ட் வந்தது: "அப்பவே தெரியும், எல்லாம் பேசி வச்ச நாடகம்." இரண்டாவது: "நாலு மாசமா நம்மள ஏமாத்தியிருக்காங்க." அதற்குப் பிறகு எல்லாமே அந்த ராகம்தான். ஒரே நாளில் அவனை நாலாயிரம் பேர் கைவிட்டார்கள். அவளை ஐயாயிரம் பேர்.

பின்தொடர்பவர்கள் குறைந்ததைவிட அவனைக் குத்தியது வேறு. நாலு மாதம் வயிறு எரிந்திருக்கிறான். குளிக்கும்போது அவளுக்குப் பதில் சொல்லிச் சொல்லி சோப்பு கரைந்திருக்கிறது. அதையெல்லாம் நடிப்பு என்கிறார்கள். யுன்ஜேக்குப் போன் செய்தான்.

"பாத்தீங்களா, நாடகமாம்!"

"பாத்தேன்! எனக்கு உங்களால முகமெல்லாம் பரு வந்துச்சு தெரியுமா? அதுவும் நடிப்பாம்!"

"இதை விடக்கூடாதுங்க. நாம நிஜமாவே வெறுத்தோம்னு நிரூபிக்கணும்."

"கண்டிப்பா. எப்ப வர்றீங்க?"

ஹுய்ஜென் இதைக் கேட்டுவிட்டு, நெற்றியில் கை வைத்துக்கொண்டு போனாள்.

சனிக்கிழமை மதியம் யுன்ஜேயின் வீட்டில் ஒரே சோபாவில் உட்கார்ந்து நேரலையில் வந்தார்கள். அவன் வயிற்று மருந்துச் சீட்டைக் காட்டினான். அவள் தோல் மருத்துவரின் சீட்டைக் காட்டினாள். ஒருவர் சொல்வதற்கு மற்றவர் தலையாட்டினார்கள். "ஆமா, பயங்கரமா வெறுத்தாரு." "இவங்க மட்டும் என்ன, கொஞ்சமாவா வெறுத்தாங்க!" அருமையாகப் போய்க்கொண்டிருந்தது.

"எனக்கு ஆரம்பிச்சது அந்தக் கறுப்புச் சட்டை வீடியோலதான்," என்றாள் யுன்ஜே. "தலகாணி பத்தி நான் சொன்னது சும்மா கிண்டல். அதனாலதானே உங்களுக்குக் கோவம்?"

உண்மையைப் பேசும் ஜோரில் இருந்தான் போருய். "இல்லைங்க, அதுக்கும் முன்னாடி. உங்களுக்கு ஐம்பதாயிரம் பேர் வந்தப்பவே."

"அப்பவேவா?" அவள் முகம் மாறியது. "அன்னிக்கு முதல் ஆளா நீங்கதான் வாழ்த்து போட்டீங்க. பூங்கொத்து படத்தோட."

"அது... மரியாதைக்கு."

"அதை நான் எங்க அம்மாகிட்ட காட்டினேன். பெரிய ஆளே வாழ்த்தியிருக்காருன்னு சொன்னேன்." எழுந்து உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். காமிரா ஓடிக்கொண்டிருந்தது. அடுத்தவர் வீட்டு சோபாவில் தனியாக உட்கார்ந்திருந்த போருய்க்கு அதை எப்படி நிறுத்துவது என்று தெரியவில்லை. ஏழு நிமிடம் பேசாமல் இருந்தான். ஆறு வருடத்தில் அவன் அவ்வளவு நேரம் வாய் மூடியிருந்தது அதுதான் முதல் தடவை. பார்ப்பவர்கள் பன்னிரண்டாயிரம் ஆனார்கள். "ப்பா, என்ன இயல்பான நடிப்பு!" என்று கமெண்டுகள் ஓடின.

அடுத்த இரண்டு நாள் அவள் போனை எடுக்கவில்லை. மூன்றாம் நாள் எடுத்தாள். இம்முறை அவன் பேச எதுவும் தயார் செய்துகொள்ளவில்லை.

"பொறாமைங்க," என்றான். "நீங்க நல்லா பண்றீங்க. திமிங்கில வீடியோ ரொம்ப நல்லா இருந்துச்சு. வாட்சைக் கண்டுபிடிக்கவே நாலு தடவை பாக்க வேண்டியிருந்துச்சு."

அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சும் சத்தம். பிறகு ஒரு தும்மல்.

"இன்னும் சளி போகலையா?"

"தேன் குடிச்சேன், கேக்கல," என்றாள் யுன்ஜே. "உங்களுக்கு அறுபதாயிரம் பேர் வந்தப்ப நான் பட்டாசு படம் போட்டேனே, ஞாபகம் இருக்கா?"

"இருக்கு."

"அன்னிக்கு நான் ராத்திரி சாப்பாடே சாப்பிடல, மாமா."