எட்டு நிமிட வெளிச்சம்

"அப்பா, உங்க கையில இருக்கற கடிகாரம் ஒரு நேரம் சொல்லுது, சர்ச் கடிகாரம் வேற நேரம் சொல்லுது. இதுல கர்த்தரோட நேரம் எது?"

ஃபிலீனா ஏழு வயதில் கேட்டது அது. மில் மணிக்கூண்டின் அடியில், படியேறப் போன அப்பாவின் கோட்டு நுனியைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். அப்பா ஜோத்தம் குனிந்து அவளுடைய ஷூ நாடாவை, அவிழாமல் இருந்த நாடாவை, அவிழ்த்து மறுபடி கட்டிவிட்டார். பிறகு மேலே போய்விட்டார்.

இருபத்தேழு வருடம் கழித்து, இறந்துபோன அவருடைய வலது கையை ஈரத்துணியால் துடைத்துக்கொண்டிருந்தபோது அந்தக் கேள்வி திரும்ப வந்தது. உள்ளங்கை முழுவதும் மணிக்கயிறு உரசிக் காய்த்துப்போயிருந்தது. எவ்வளவு துடைத்தும் அந்தப் பழுப்பு நிறம் போகவில்லை. ஐந்து நாள் காய்ச்சல். நேற்று மாலை, மணி அடித்து ஓய்ந்த பிறகுதான் மூச்சு நின்றது. ஐந்து நாளும் அவருக்குப் பதிலாக மில் காவலாளி மணியடித்தான். ஒவ்வொரு முறையும் அப்பாவின் விரல்கள் போர்வையைப் பிடித்து இழுத்தன.

இன்னும் விடியவில்லை. கதவு திறக்கும் சத்தம் கேட்டது. ஆர்ஃபா வந்திருந்தாள். பதினெட்டு வருடமாக அந்த மில்லில் தறி ஓட்டுகிறவள். இரண்டு வருடமாக இந்த வாசலை மிதிக்காதவள். கையில் துணி போர்த்திய ஒரு தட்டு.

"வாங்கக்கா."

"உனக்காகத்தான் வந்தேன். உங்கப்பாவுக்காக இல்ல. அவர் மேல இருக்கற கோபம் அப்படியே பத்திரமா இருக்கு."

"தெரியும்க்கா."

"தண்ணி ஆறிப்போச்சு பாரு. நகரு, நான் சுட வெக்கறேன். மக்காச்சோள ரொட்டி இருக்கு. ரெண்டு வாய் சாப்பிடு. வேண்டாம்னு சொல்லாதே, அடி விழும்."

ஃபிலீனா சாப்பிட்டாள். ஆர்ஃபா சட்டைக் கைகளைச் சுருட்டிக்கொண்டு, கோபத்தைப் பத்திரமாக வைத்திருப்பதாகச் சொன்ன அந்த மனிதரின் முகத்தைத் துடைத்துத் தாடியைச் சீவிவிட்டாள். யாரோ ஒரு குழந்தைக்குச் செய்வதுபோல மெதுவாகச் செய்தாள்.

அவள் கோபத்துக்குக் காரணம் இருந்தது. காலை விடியுமுன் அடிக்கும் மணிக்கு உள்ளே போனால் மாலை ஏழு மணிக்குத்தான் பெண்கள் வெளியே வர முடியும். அந்த ஏழும் நிஜமான ஏழு இல்லை. மணியடிக்க மேனேஜர் கொடுத்திருந்த கடிகாரம், காலையில் சரியாக ஓடி, மதியம் சாவி கொடுப்பதற்காக ஆபீசுக்குப் போகும். திரும்பி வரும்போது எட்டு நிமிடம் பின்தங்கி வரும். தறிக்காரிகள் உள்ளே கடிகாரம் கொண்டுபோகக் கூடாது. ஊரில் எல்லோருக்கும் சந்தேகம் இருந்தது. கடிகாரம் பின்தங்கி வருவதைக் கண்ணால் பார்த்தவர் ஜோத்தம் ஒருவர்தான்.

நாளுக்குப் பத்து மணி நேரம் மட்டுமே வேலை கேட்டு ஆர்ஃபா மனு எழுதி, விளக்கு வெளிச்சத்தில், மில் பெண்கள் தங்கும் விடுதி விடுதியாக ஏறி இறங்கி நானூறு பெண்களிடம் கையெழுத்து வாங்கினாள். மனுவின் கடைசி வரி அந்த எட்டு நிமிடத்தைப் பற்றியது. பாஸ்டன் சட்டசபையிலிருந்து விசாரிக்க வந்த கனவான்கள் ஜோத்தமைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். "எனக்குக் குடுத்த கடிகாரத்தைப் பார்த்துத்தான் அடிக்கறேங்க" என்று மட்டும் அவர் சொன்னார். மனு தள்ளுபடியாயிற்று. ஆர்ஃபாவை ஜன்னலோரத் தறியிலிருந்து இருட்டு மூலைக்கு மாற்றினார்கள். அன்றிலிருந்து ஜோத்தம் தெருவில் வந்தால் பெண்கள் பேச்சை நிறுத்திக்கொள்வார்கள்.

"அன்னிக்கு விசாரிக்க வந்தவங்கள்ல ஒருத்தர் என்னைப் பார்த்துச் சிரிச்சாரு" என்றாள் ஆர்ஃபா, சீப்பைத் துடைத்தபடி. "'எட்டு நிமிஷத்துல அப்படி என்னம்மா பண்ணப் போறீங்க'ன்னு கேட்டாரு."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"'தெரியலீங்க, கிடைச்சதே இல்ல'ன்னேன்."

ஃபிலீனா அப்பாவின் மேல்சட்டைப் பொத்தான்களைப் போட்டாள். "அம்மா அப்ப படுத்த படுக்கையா இருந்தாங்க. இது மில் குடுத்த வீடு. அப்பா வாயைத் திறந்திருந்தா மறுநாளே தெருவுல நின்னிருப்போம்."

"தெரியும்டி. அதனாலதான் கோபத்தைக்கூட ஒழுங்கா முழுசா வெச்சுக்க முடியல." ஆர்ஃபா கால்சட்டையை எடுத்து உதறினாள். "இதென்ன, முட்டியில ஒட்டு மேல ஒட்டு? வேற எங்கயும் நூல்கூடப் பிரியல."

"கூண்டுப் படி ஏறி ஏறித் தேஞ்சுபோச்சு. மாசாமாசம் நான்தான் ஒட்டுப் போடுவேன்."

"படி ஏறினா செருப்புத்தான் தேயும். முட்டி எதுக்குத் தேயுது?"

பதில் யோசிக்குமுன் மில்லின் முதல் காலை மணி அடித்தது. மில் கதவு சாத்தப் பத்து நிமிடம்தான். ஆர்ஃபா ஓடினாள். வாசலில் நின்று, "அடக்கத்துக்கு வர முடியாதுடி. ஒருத்தரையும் விட மாட்டாங்க" என்றாள். பிறகு குரலை இறக்கி, "விட்டாலும் வருவாங்களான்னு தெரியல" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

ஜூலை வெயில். உடலை வைத்திருக்க முடியாது. இரண்டு மணிக்கு அடக்கம் என்று போதகர் சொல்லியிருந்தார். பெட்டியைத் தூக்க சர்ச் மூப்பர்கள் இரண்டு பேர், குழி வெட்டுகிறவர், சுண்ணாம்புக் கடைக்காரர் ஒருவர். பின்னால் ஃபிலீனா மட்டும் நடந்தாள். ஊர் வழக்கப்படி சர்ச் மணி இறந்தவரின் வயதுக்கு அறுபத்து மூன்று முறை அடித்தது. நெசவுக்கூடத்தின் திறந்த ஜன்னல்களைக் கடந்துதான் ஊர்வலம் போயிற்று. உள்ளே முந்நூறு தறிகளின் இரைச்சல். ஆயுள் முழுக்க அந்தப் பெண்களுக்கு மணியடித்தவருக்காக அடித்த மணி அவர்களில் ஒருவர் காதிலும் விழவில்லை.

திரும்பி வரும்போது வீட்டு வாசலில் மேனேஜர் ப்ரெண்டிஸ் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றிருந்தார்.

"உங்கப்பா நல்ல மனுஷன்மா. இருக்கற இடம் தெரியாம இருந்தாரு."

"ஆமாங்கய்யா."

"காவலாளிக்கு ராத்திரி வேலையும் இருக்கு. இனிமே முடியாதுங்கறான். மணியை நீயே அடியேன். புது ஆள்கூடத் தேட வேண்டாம்னு தோணுது. வீட்டுலயும் இருந்துக்கலாம்." சட்டைப் பையிலிருந்து கடிகாரத்தை எடுத்தார். "சாவி குடுத்தாச்சு. இதைப் பார்த்து அடிச்சாப் போதும். உங்க குடும்பத்தைப் பத்தி எனக்குத் தெரியும்."

கடிகாரம் அவருடைய உடல்சூட்டோடு இருந்தது. ஃபிலீனா வாங்கிக்கொண்டாள். வேறு போக்கிடம் அவளுக்கு இல்லை. வெர்மான்ட்டில் ஒரு சித்தப்பா இருந்தார்; அம்மாவின் சாவுக்கே கடிதம் போடாதவர்.

மாலை ஆறரை மணிக்கு மணிக்கூண்டுக்குள் நுழைந்தாள். அப்பா உயிரோடு இருந்தவரை அவளை மேலே விட்டதில்லை. படி செங்குத்து, விழுந்துவிடுவாய் என்பார். படி அப்படியொன்றும் செங்குத்தாக இல்லை.

மேலே ஒரு சிறிய மர அறை. நடுவில் கயிறு தொங்கியது. சுவரில் ஒரு ஆணி, அதில் அவருடைய பழைய கழுத்துத்துணி. மேற்குப் பக்கம் ஒரு குறுகிய ஜன்னல். அதன் கீழே, தரையில், நான்காக மடித்த ஒரு கோணி.

அதைச் சுருட்டி வைக்கலாம் என்று எடுத்தாள். கோணியில் அருகருகே இரண்டு குழிகள் விழுந்திருந்தன. அடியிலிருந்த பலகையும் அதே இரண்டு இடத்தில் தேய்ந்து வழவழவென்று இருந்தது.

ஃபிலீனா அந்த இரண்டு இடத்தையும் விரலால் தடவினாள். பிறகு கோணியை இருந்த இடத்திலேயே விரித்தாள். ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தாள். நின்றபடி பார்த்தால் பஞ்சுக் கிடங்கின் கூரை இறவாரம்தான் தெரிந்தது. பாவாடையை ஒதுக்கிக்கொண்டு முட்டி போட்டாள். முட்டிகள் தாமாகவே அந்தக் குழிகளில் அமர்ந்தன. இறவாரத்துக்குக் கீழே, கிடங்குச் சுவரைத் தாண்டி, நேர் எதிரே, சர்ச் கோபுரத்தின் கடிகாரம் தெரிந்தது.

அதன் முள் ஏழைத் தொடும்போது தினமும் அவர் இங்கேதான் இருந்திருக்கிறார். அதிலிருந்து எட்டு நிமிடம், கையைக் கட்டிக்கொண்டு, இப்படி.

கீழே தறிகள் இரைந்துகொண்டிருந்தன. அந்த இரைச்சலில் கூண்டின் பலகைகள் அதிர்ந்தன. அவள் முட்டி வழியாக அது உடம்புக்குள் ஏறியது. அப்பாவின் முகத்தைத் துடைத்த ஆர்ஃபாவின் கைகளை நினைத்தாள். வாசலில் தொப்பியோடு நின்ற மேனேஜரை நினைத்தாள். அம்மாவின் கட்டில் இருந்த மூலையை நினைத்தாள். இப்போது அங்கே ஒன்றும் இல்லை, தையல்கூடை ஒன்றைத் தவிர.

சர்ச் கடிகாரத்தின் முள் நகர்ந்து ஏழில் நின்றது. மடியிலிருந்த கடிகாரம் ஏழாக எட்டு நிமிடம் இருப்பதாகச் சொன்னது.

ஃபிலீனா எழுந்து கயிற்றைப் பிடித்தாள். முதல் இழுப்புக்கு மணி அசையவில்லை. முழு உடம்பின் கனத்தையும் போட்டு இழுத்தாள். அடித்தது. அவளுக்குத் தெரிந்தவரை அந்த மணி ஏழு மணிக்கு அடித்தது அதுதான் முதல் தடவை.

தறிகள் ஒவ்வொன்றாக நின்றன. பலகைகளின் அதிர்வு அடங்கியது. அவள் ஜன்னலடியில் மறுபடி முட்டி போட்டுக் கீழே பார்த்தாள். பெண்கள் முற்றத்துக்கு வந்துகொண்டிருந்தார்கள், தலையிலும் தோளிலும் பஞ்சுத்தூசியோடு. யாரும் மேலே பார்க்கவில்லை. முற்றத்தில் பாதிவரை வெயில் இருந்தது. தினமும் அவர்கள் வரும்போது அது கிடங்குக் கூரைக்குப் பின்னால் போயிருக்கும். சிலர் வெயிலுக்குள் கால் வைத்ததும் நடையைக் குறைத்தார்கள். விடுதியில் சாப்பாட்டு மணி அடிக்க இன்னும் நேரம் இருந்தது.

ஆர்ஃபா கடைசியாக வந்தாள். எங்கே போவது என்று தெரியாதவள்போல ஒரு கணம் நின்றாள். பிறகு கால்வாய்ச் சுவரில் போய் உட்கார்ந்து, ஷூக்களைக் கழற்றிப் பக்கத்தில் வைத்தாள். வெறும் கால்களை வெயிலில் நீட்டிக்கொண்டாள்.

ஃபிலீனா கோணியின் மேல் உட்கார்ந்தாள். மடியிலிருந்த கடிகாரத்தில் ஏழு ஆகும்வரை அங்கேயே இருந்தாள். ஏழானதும் அதை அப்பாவின் கழுத்துத்துணியில் சுற்றி, மேனேஜர் ஆபீஸ் கதவடியில் வைப்பதற்காக எடுத்துக்கொண்டு, படியிறங்கினாள்.