வெள்ளைக்கார டோபியின் குறி

துவைக்காத புதுத்துணியை நல்லசிவம் உடுத்தியதே இல்லை. மில்லில் என்ன கஞ்சி போட்டார்களோ, கடையில் எத்தனை கை பட்டதோ, யார் கண்டது என்பார். கொச்சியில் வெளி என்ற இடத்திலுள்ள டோபிகானாவில், அதாவது பொதுச் சலவைத்துறையில், முப்பது வருடமாக அவருக்கென்று ஒரு கல் உண்டு. மட்டாஞ்சேரி லாட்ஜுகளில் பாதிக்கு மேல் விரிப்புகள் அந்தக் கல்லில்தான் வெளுக்கின்றன. எனவே மகள் அம்பிளியின் நிச்சயதார்த்தத்தில் அவர் போட்டுக்கொள்வதற்காகத் திருப்பூரிலிருந்து சம்பந்தி வீட்டார் அனுப்பிய சட்டை, கல்லைப் பார்த்துவிட்டுத்தான் அவர் உடம்புக்கு வரும் என்பது சுள்ளிக்கல் பகுதியில் இருந்த அவர் வீட்டில் எல்லோருக்கும் தெரியும்.

அது 2004 ஆவணி. சட்டை கூரியரில் வியாழக்கிழமை வந்தது. ஞாயிற்றுக்கிழமை நிச்சயம். மாப்பிள்ளை வீட்டுச் சட்டையைப் போட்டுக்கொண்டுதான் பெண்ணின் தகப்பன் தட்டு மாற்ற வேண்டும். அது அந்தக் குடும்பத்து வழக்கம்.

சந்தன நிறம். பட்டுப்போல விழுந்தது, ஆனால் பட்டு இல்லை. தொட்டால் வாழையிலையின் அடிப்பக்கம் மாதிரி குளிர்ந்தது.

"மரத்துல செஞ்சதாம்" என்றாள் அம்பிளி. மாப்பிள்ளை ஆனந்தகுமார் போனில் சொன்னதை ஒப்பித்தாள். "மரத்தை வெட்டி, கூழாக்கி, அதுலேந்து நூல் எடுக்காங்க. வெட்டின இடத்துல வேற மரம் நட்டு வளர்ப்பாங்களாம். பழசானா மண்ணுல மக்கிப் போகும், பிளாஸ்டிக் மாதிரி கெடக்காது."

"மரமா?" என்றாள் அம்மா பாக்கியலக்ஷ்மி. "அப்ப இனிமே ஒங்கப்பாவைக் கரையான் ஏறாம பாத்துக்கணும்."

நல்லசிவம் சிரிக்கவில்லை. தன் குறியைப் போடுவதற்காகச் சட்டையின் உள்பக்கத்தைத் திருப்பியிருந்தார். சொந்தத் துணியானாலும் குறி போடாமல் தொட்டியில் இறக்கமாட்டார். ஒரு கோடு, இரண்டு புள்ளி, துவைத்தாலும் போகாத சேங்கொட்டை மையில். எந்தத் துணி யார் வீட்டுக்குப் போக வேண்டும் என்று டோபிகானாவில் எல்லோரும் இப்படித்தான் அறிகிறார்கள். ஒருவர் குறி மேல் இன்னொருவர் குறி போடுவதில்லை.

பக்கவாட்டுத் தையலில் விரல் நீளத்துக்கு ஒரு வெள்ளை நாடா தொங்கியது. அதில் நான்கு குறிகள்: தொட்டிக்குள் ஒரு கை, குறுக்கே கோடு போட்ட முக்கோணம், சதுரத்துக்குள் ஒரு வட்டம், இஸ்திரிப்பெட்டி.

இந்தக் குறிகள் அவருக்குப் பழக்கம்தான். லாட்ஜில் தங்கும் வெளிநாட்டுக்காரர்களின் துணிகளில் பார்த்திருக்கிறார். அவர்கள் ஊர் டோபி போட்ட குறி அது என்று வெகுகாலம் முன்பே முடிவு செய்து, அதற்கு உரிய மரியாதையும் கொடுத்து வந்தார். தன் குறியை எப்போதும் அந்த நாடாவிலிருந்து ஒரு சாண் தள்ளியே போடுவார். பருத்தித் துணிகள் அவர் அடியையும் வாங்கிக்கொண்டு வெள்ளையாகத் திரும்பிப் போயின. எனவே அந்த முடிவைச் சந்தேகிக்க ஒரு காரணமும் வந்ததில்லை.

இப்போது அதே குறி, புதுச்சட்டை என்று வந்ததில்.

யாரோ ஒரு வெள்ளைக்காரன் உடுத்தி, துவைக்கப் போட்டு, கழித்த சட்டை. அதைப் பெட்டியில் மடித்துச் சம்பந்திக்கு அனுப்பியிருக்கிறார்கள். நல்லசிவத்தின் காது சிவந்தது. ஊர்த்துணியைத்தானே உடுத்துகிறீர்கள் என்ற கேலியைச் சின்ன வயதிலிருந்து கேட்டவர் அவர். அதனாலேயே பிறர் சட்டையில் ஒரு நாளும் கை நுழைத்ததில்லை. அம்பிளியின் முகத்தைப் பார்த்தார். அவள் அந்தப் பையனோடு தினமும் பேசுகிறாள். நாடாவிலிருந்து ஒரு சாண் தள்ளித் தன் குறியைப் போட்டு, சட்டையை மூட்டையில் வைத்தார். முதலில் அந்த வெள்ளைக்காரனின் வியர்வை போகட்டும். பழைய சட்டை அனுப்பிய வீட்டுக்குப் பெண் கொடுப்பதா வேண்டாமா என்று அப்புறம் யோசிக்கலாம்.

அன்று சாயங்காலமே சலவைச்சோடாவில் ஊறப்போட்டார். வெள்ளிக்கிழமை காலை விரிப்புகளோடு சேர்த்து அவித்தார். பிறகு கல்லுக்குக் கொண்டுபோனார்.

பக்கத்துக் கல் பிச்சுமணியுடையது. அவருக்கு வாய் ஓயாது.

"சேட்டா, மரச்சட்டைன்னு கேட்டேன். இது அடிச்சா துவைக்கிறது, இல்ல இழைப்புளி போடணுமா?"

"வேலையைப் பாருடா."

"கிளை வந்தா சொல்லு. சாயா குடிக்க நெழலு வேணும்."

நல்லசிவம் ஓங்கி அடித்தார். எந்தத் துணி என்பதை அடியின் சத்தமே அவருக்குச் சொல்லிவிடும். பருத்தி பளாரென்று கேட்கும், பாலியஸ்டர் வழுக்கும். இது இரண்டுமில்லாமல் சொத்தென்று விழுந்தது, ஊறிய அப்பளம் மாதிரி. நாலாவது அடியில் இன்னொரு சத்தம் கேட்டது. அந்தச் சத்தத்தை முப்பது வருடத்தில் தன் கல்லில் அவர் கேட்டதில்லை.

பிச்சுமணி கூடத் தன் துணியைப் போட்டுவிட்டு வந்து எட்டிப் பார்த்தார்.

முதுகில் ஒரு விரல் நீளத்துக்குக் கிழிந்திருந்தது. அலசி, இரட்டைப் பிரிக் கயிற்றின் முறுக்கில் செருகிக் காயவிட்டார். காயக் காயச் சட்டை சிறுத்தது.

மதியம் சோற்றுப் பாத்திரத்தோடு அம்பிளி வந்தபோது, அப்பா கயிற்றின் கீழே நின்றுகொண்டிருந்தார். அவள் சட்டையைத் தொட்டாள். நேற்றைய மினுக்கம் இல்லை. சொரசொரவென்றிருந்தது.

"அய்யோ அப்பா, எந்தா இது? இதுல எழுதியிருக்கே!"

"என்ன எழுதியிருக்கு? எவனோ டோபியோட குறி. பழைய சட்டையை அனுப்பியிருக்கான் ஒன் மாப்பிள்ளை. நீ வருத்தப்படுவேன்னுதான் சொல்லல."

அம்பிளி நாடாவை விரலில் எடுத்துக் காட்டினாள். "டோபி குறியா? இது துவைக்கிற முறை. தொட்டியில கையால மெதுவா அலசணும். முக்கோணத்துல கோடுன்னா பிளீச் கூடாது. மெஷின்ல காயவைக்கலாம், கம்மிச் சூட்டுல தேய்க்கலாம். அவரே சொன்னாரு, இந்த நூலுக்கு நனைஞ்சா பலம் போயிடுமாம்."

நல்லசிவம் படத்தைக் கூர்ந்து பார்த்தார். "கைதான் போட்டிருக்கு. நானும் கையாலதான துவைச்சேன்?"

"கல்லுல அடிச்சீங்க!"

"கல்லுல அடிச்சதும் கைதானே சேட்டா" என்றார் பிச்சுமணி.

அம்பிளி அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். "அவருக்கு என்ன வேலைன்னு தெரியுமா? கம்பெனியில இந்தச் சீட்டு சரியா இருக்கான்னு பாக்கிறதும், துணி துவைச்சா எவ்வளவு சுருங்குதுன்னு அளக்கிறதும்தான். ஞாயித்துக்கிழமை இதைப் பாத்தா என்ன நெனைப்பாங்க? வேணும்னே கிழிச்சீங்கன்னு அவங்கம்மா நெனைச்சா?"

நல்லசிவம் சட்டையைக் கயிற்றிலிருந்து உருவி மடித்தார்.

பாக்கியலக்ஷ்மி கிழிசலைத் தைத்துக் கொடுத்தாள். ஞாயிறு காலை நல்லசிவம் சட்டையை மாட்டினார். மணிக்கட்டுக்கு மூன்று விரல் மேலேயே கை நின்றுவிட்டது. வயிற்றில் ஒரு பொத்தானும் அதன் துளையும் ஒன்றையொன்று தூரத்திலிருந்து பார்த்துக்கொண்டன. மேலே நேரியது என்கிற மேல்துண்டு ஒன்றைப் போர்த்திக்கொண்டு, கைகளைக் கட்டிக்கொண்டு வாசலில் நின்றார்.

ஆனந்தகுமார் ஒல்லியான பையன். அவனும் அதே சந்தனச் சட்டையில் வந்திருந்தான். அவன் தாய் திரிபுரசுந்தரி உள்ளே நுழைந்ததும் சம்பந்தியை மேலும் கீழும் பார்த்தாள். புருஷன் இருந்தவரை திருப்பூரில் இருவருமாகத் தேய்ப்புக்கடை நடத்தியவள்.

"ஏனுங்ணா, இந்தப் புழுக்கத்துல போர்த்திக்கிட்டு? ஒடம்புக்கு ஆவலீங்களா? அதை எடுங்க, பையன் குடுத்த சட்டையைப் பாக்கோணும்."

அம்பிளி சமையலறைக் கதவைப் பிடித்துக்கொண்டாள். நல்லசிவம் நேரியதை எடுத்தார்.

ஆனந்தகுமாரின் கை, வேலைப் பழக்கத்தில் தானாகவே பைக்குள் போய் அளவு நாடாவை எடுத்தது. கிட்டே வந்து தோளை அளந்தான், கையை அளந்தான்.

"பத்து பர்சண்ட்" என்றான். பிறகுதான் எங்கே நிற்கிறோம் என்று அவனுக்கு உறைத்தது. "இல்லீங் மாமா... கம்பெனியில மூணுக்கு மேல போச்சுன்னா திருப்பி அனுப்பிருவோம். அந்த நெனப்புல..."

"சட்டையையா, ஆளையா தம்பி?" என்றார் விருந்தாளியாக வந்திருந்த பிச்சுமணி.

திரிபுரசுந்தரி துணியை விரலிடுக்கில் வைத்துத் தேய்த்தாள். "சோடால அவிச்சிருக்கீங்க."

"ஆமா" என்றார் நல்லசிவம். "அவிச்சேன், அடிச்சேன். அந்த நாடாவுல இருக்கிறது வெள்ளைக்கார டோபி குறின்னு நெனச்சேன். யாரோ போட்டுக் கழிச்சதை அனுப்பிட்டீங்கன்னு கோபம். தப்பு என்மேலதான். பொண்ணுமேல வச்சுக்காதீங்க."

திரிபுரசுந்தரி மகனைப் பார்த்தாள், சம்பந்தியைப் பார்த்தாள். பிறகு சிரிக்கத் தொடங்கினாள். முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டும் சிரித்தாள். "டேய் கண்ணு, மாசமாசம் லட்சம் சீட்டு பாக்குறயே! கடைசியில ஒருத்தரு அதைப் படிச்சிருக்காரு, அதுவும் டோபி குறின்னு!"

சிரிப்பு அடங்கியதும் நல்லசிவத்துக்கு மூச்சு வந்தது. மூச்சு வந்ததும் வெள்ளிக்கிழமையிலிருந்து மனதில் கிடந்த கேள்வியும் வந்தது.

"மாப்பிள்ளை, மரத்தைத் திரும்ப நடுறாங்க, சரி. அதைக் கூழாக்குற தண்ணி எங்க போவுது?"

"புது முறையில மருந்தைத் திரும்பப் பிடிச்சு, அதையே மறுபடியும் உபயோகிக்கிறாங்கன்னு சொல்றாங்க மாமா. பழைய முறையில அப்படி இல்லீங்க."

"சொல்றாங்க. நீங்க பாத்தீங்களா? இது எந்த முறை?"

ஆனந்தகுமார் அளவு நாடாவைச் சுருட்டினான். "பாக்கலீங் மாமா. நமக்கு வர்றது துணி மட்டுந்தான். அந்தத் தண்ணிக்குச் சீட்டுல குறி கெடையாது. சாயத்தண்ணி ஓடுற நொய்யல் ஆத்தைப் பாத்துட்டு இருக்கிறவன், தெரியாததைத் தெரியும்னு சொல்லக்கூடாதுங்க."

நல்லசிவம் அவனையே பார்த்தார். முப்பது வருடம் சோப்புத் தண்ணீர் போகிற வழியைப் பார்த்தவர். "நம்ம தண்ணியும் காயலுக்குத்தான் போவுது" என்றார். பிறகு மனைவியிடம், "தட்டை எடு. நேரமாச்சு."

தட்டு மாறியது. பாயசம் வந்தது. பிச்சுமணி மாப்பிள்ளையை வாழ்த்துவதற்குக் கையை வீசியதில் ஒரு தம்ளர் அவன் சட்டைமேல் கவிழ்ந்தது.

"கழட்டுங்க, நொடியில அலசித் தர்றேன்" என்றார் நல்லசிவம்.

ஆனந்தகுமார் பொத்தான்களை இரண்டு கைகளாலும் பொத்திக்கொண்டான். "வேண்டாங் மாமா! பரவால்லீங்க! ஊருக்குப் போயி..."

அவன் தாயே கழற்றச் சொன்னாள். அவன் மாற்றுச் சட்டை கொண்டுவரவில்லை. அந்த வீட்டில் அவன் உடம்புக்கு ஆகும் சட்டையாக ஒன்றுதான் இருந்தது. நல்லசிவம் உள்ளே போய் வேறு உடுத்திக்கொண்டு அதைக் கொடுத்தார். தோள் சரியாக உட்கார்ந்தது, கை மட்டும் ஒரு விரல் குறை. முதுகில் தையலைப் பார்த்து அம்பிளி வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே ஓடினாள்.

கொல்லையில் பேசினில் பச்சைத் தண்ணீர். நல்லசிவம் முதலில் சட்டையைத் திருப்பி நாடாவைத் தேடினார். சேங்கொட்டை மையைத் தொட்டு, நான்கு குறிகளுக்குப் பக்கத்தில், ஒரு சாண் தள்ளாமல் நாடாவிலேயே, ஒரு கோடும் இரண்டு புள்ளியும் வைத்தார்.

"அதெதுக்கு அப்பா?" என்றாள் அம்பிளி.

"நம்ம வீட்டுத் துணி காணாமப் போகக்கூடாது. நீ படி. முதல்ல என்ன? தொட்டி, கை. அப்புறம்?"