இரண்டு வாளி ஜிஞ்சர் பியர்

மரியமலர் அன்று விடியுமுன்னமே எழும்பிவிட்டாள். 1988 டிசம்பர். இலங்கையிலிருந்து அவள் வந்து குடியேறிய டூங்கபி என்ற ஊரில் ஒரு தேவாலய மண்டபத்தில் கயானாத் தாதிமார் சங்கத்தின் கிறிஸ்மஸ் விருந்து. சாப்பாடு முடிந்ததும் கமிட்டி கூடி அவளுடைய விஷயத்தைத் தீர்மானிக்கப் போகிறது.

விஷயம் இதுதான். மன்னாரில் எட்டு வருடம் நேர்ஸாக இருந்தவள், இங்கே முதியோர் இல்லமொன்றில் கிழவர்களுக்குச் சோப்புப் போட்டுக்கொண்டிருந்தாள். மறுபடி நேர்ஸாக வேண்டுமென்றால் இந்த நாட்டுச் சோதனை பாஸ் பண்ண வேண்டும். ஒருமுறை எழுதிக் குப்புற விழுந்தாயிற்று. அடுத்ததிலும் விழுந்தால் பிறகு கதையில்லை. சங்கத் தலைவி டோறீன் வீரசாமி ஞாயிறுதோறும் நடத்தும் வகுப்பில் படித்த ஆறு பேரும் ஒரே மூச்சில் பாஸ். ஆனால் அந்த வகுப்பு கயானாக்காரருக்கு மட்டும்; அவளைச் சேர்ப்பதா இல்லையா என்பதைத்தான் கமிட்டி தீர்மானிக்க இருந்தது. டோறீனின் பெயரில் வீரசாமி இருக்கிறாரே தவிர, கரும்புத் தோட்டத்துக்குக் கப்பலேறிய அவள் குடும்பத்தைவிட்டுத் தமிழ் போய் நூறு வருடமாகிறது. அந்தப் பெயரை நம்பிச் சலுகை கேட்க முடியாது.

ஆகவே நல்ல பெயர் வாங்கவென்று காலையிலேயே வந்து குசினிக்குள் புகுந்துவிட்டாள். வெங்காயம் உரித்தாள், தட்டுக் கழுவினாள், யார் எதைச் சொன்னாலும் "யெஸ் சிஸ்டர்" என்றாள். கணவன் பொனிபஸ் மண்டபத்தில் கதிரை அடுக்கினான். மத்தியானம் எண்பது பேர் வந்து சேர்ந்தார்கள். பெரிய சட்டியில் பெப்பர்பொட் என்கிற கறுப்பு இறைச்சிக் குழம்பு கொதித்தது. வாசனை ஆளைத் தூக்கியது.

"இவ்வளவு கறுப்பு எப்படி வந்தது சிஸ்டர்?" என்று மரியமலர் ஆங்கிலத்தில் கேட்டாள்.

"மரவள்ளிச் சாறு. காய்ச்சி வற்றவைத்தது. அது இல்லாமல் பெப்பர்பொட் இல்லை" என்று டோறீன் பெருமையாகச் சொல்லிவிட்டு விருந்தாளிகளை வரவேற்கப் போனாள்.

மரியமலர் தலையாட்டினாள். பிறகு மேசையைப் பார்த்தாள். அங்கே இரண்டு வாளி. டோறீன் ஒரு கிழமையாக ஊறவைத்து வடித்த ஜிஞ்சர் பியர். அசல் இஞ்சி!

மரவள்ளி தின்ற வயிற்றில் இஞ்சி பட்டால் நஞ்சு. இலங்கையில் இது சின்னப்பிள்ளைக்கும் தெரியும். மரவள்ளி அவிக்கிற நாளில் அவள் வீட்டில் இஞ்சியைக் கண்ணிலும் காட்டமாட்டார்கள். ஒருமுறை அவளுடைய வார்டுக்கே மரவள்ளி தின்று மயங்கிய குடும்பம் ஒன்று வந்தது. கிழங்கில்தான் பழுது என்று டொக்டர் சொன்னார். இஞ்சிதான் என்று வார்டு முழுக்கச் சொன்னது. டொக்டரை யார் நம்பினார்கள்?

அந்த நேரம் பார்த்துப் பொனிபஸ் ஒரு கிளாஸை மொண்டு வாயருகே கொண்டுபோனான். மரியமலர் பாய்ந்து தட்டிவிட்டாள்.

"உமக்கென்ன விசரே?"

"குடியாதேங்கோ! இறைச்சிக்குள்ள மரவள்ளி!"

பொனிபஸும் மன்னாரான்தானே. முகம் வெளிறிப் போயிற்று. "ஐயோ, நான் இறைச்சிய ரெண்டு தரம் ருசி பாத்திட்டன்!"

மண்டபத்தில் கரண்டிச் சத்தம் தொடங்கிவிட்டது. யோசிக்க நேரமில்லை. முதல் வாளியைத் தொட்டிக்குள் கவிழ்த்தாள். இரண்டாவதற்குப் பொனிபஸும் கைகொடுத்தான். நிமிர்ந்தால் வாசலில் டோறீன்.

"என்ன செய்கிறாய், சிஸ்டர்?"

கை வழுக்கிவிட்டது என்று சொல்லியிருக்கலாம். வகுப்பில் இடம் போயிராது. ஆனால் இனி யாராவது தெரியாமல் இரண்டையும் சேர்த்து விழுங்கினால்? மரியமலர் உள்ளதைச் சொன்னாள். டோறீனுக்குப் பின்னால் கூடி நின்றவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். "பிறந்த நாளிலிருந்து இரண்டையும் சேர்த்துத்தான் தின்கிறோம்!"

டோறீன் மட்டும் சிரிக்கவில்லை. ஒரு தட்டு பெப்பர்பொட்டை அங்கேயே நின்று தின்றாள். குளிர்பெட்டியைத் திறந்து, தனக்கென்று ஒளித்துவைத்திருந்த ஜிஞ்சர் பியர் போத்தலை எடுத்தாள்.

"வேண்டாம் சிஸ்டர்!"

டோறீன் மடக்கு மடக்கென்று பாதியைக் குடித்துவிட்டாள்.

அதன் பிறகு மரியமலர் யாரையும் கேட்கவில்லை. தலைவியைக் கதிரையில் இருத்தினாள். மணிக்கட்டைப் பிடித்து, மணிக்கூட்டைப் பார்த்து நாடி எண்ணினாள். கண்ணை விரித்துப் பார்த்தாள். ஐந்து நிமிடத்துக்கு ஒருதடவை மறுபடி எண்ணினாள். டோறீன் எழும்பப் பார்த்தபோது "அசையாதே" என்று அதட்டினாள். அரை மணி நேரம் இந்தக் கூத்து. கமிட்டி முழுவதும் தட்டும் கையுமாகச் சுற்றி நின்று பார்த்தது.

"நோயாளி உயிரோடு இருக்கிறாளா?" என்று டோறீன் கேட்டாள்.

"எழுபத்திரண்டு. சீராக இருக்கிறது."

டோறீன் கமிட்டிக்காரரை நிமிர்ந்து பார்த்தாள். "எனக்கு ஏதாவது வந்தால் இவள்தான் பக்கத்தில் நிற்க வேண்டும். யாருக்காவது ஆட்சேபம்?" வாய் நிறையச் சாப்பாட்டோடு எல்லாரும் இல்லையென்று தலையாட்டினார்கள். "ஞாயிறு இரண்டு மணி, சிஸ்டர். பிந்தாதே. வரும்போது மூன்று கிலோ இஞ்சி. வாளி இரண்டையும் நீதான் நிரப்ப வேண்டும்."

மரியமலருக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. டோறீன் ஒரு தட்டையும் மீதிப் போத்தலையும் அவளிடம் நீட்டினாள். மரியமலர் சிலுவை போட்டுக்கொண்டாள். ஒரு வாய் இறைச்சி, ஒரு மிடறு இஞ்சி. தொண்டை காந்தியது, ருசியென்றால் அப்படியொரு ருசி. பிறகு கதிரையில் உட்கார்ந்து தன் நாடியைத் தானே பிடித்தாள்.

"எத்தினையப்பா?" என்று பொனிபஸ் பயந்து பயந்து கேட்டான்.

"நூற்றிப்பத்து" என்றாள் அவள், கண்ணைத் துடைத்துச் சிரித்துக்கொண்டே. "அது இஞ்சியால இல்லை."