பொலித்தீனுக்கு விழுந்த குத்துகள்

ஈரம் மேலே ஏறாமலிருக்க நிலத்தில் விரித்த கறுப்புப் பொலித்தீனைப் பரமலிங்கம் ஆணியால் குத்திக்கொண்டிருந்தான். மேலே கொங்கிறீற் போட்டுவிட்டால் ஓட்டைகள் யார் கண்ணுக்கும் தெரியாது. மாரி பிறந்ததும் மண்ணின் ஓதம் அவற்றின் வழியே ஏறி, வீடு முழுவதும் ஈரத்தில் கிடக்கும்.

நடராசா மாமாவுக்கு அது நன்றாக வேண்டும். அவருடைய மகள் மகாதேவியைப் பெண் கேட்டுப் போனபோது, "உங்கடை வீட்டுச் சுவர் ஓதத்திலை அழுதுகொண்டு நிக்குது. அங்கை வந்தால் என்ரை பிள்ளைக்கு மூச்சுமுட்டு இழுக்கும்" என்று நாலுபேர் முன்னால் சிரித்தவர் அவர். மாப்பிள்ளையாக வேண்டாதவனை, சண்டிலிப்பாயில் இந்த வீட்டைக் கட்ட மட்டும் கூப்பிட்டிருந்தார்.

"என்ன மச்சான், பொத்தல் போடுறியள்?"

வாசலில் மகாதேவி நின்றாள்.

"கொப்பருக்குத்தான். அவரின்ரை வீட்டுச் சுவரும் கொஞ்சம் அழட்டும்."

"ஐயாவின்ரை வீடோ? இது என்ரை சீதனம். கலியாணம் முடிஞ்சு இதுக்குள்ளை முட்டு இழுத்துக்கொண்டு கிடக்கப்போறது நான்."

பரமலிங்கத்தின் கை நின்றுவிட்டது. மாமாவையே நினைத்துக் குமைந்தவன், வீடு பெண்ணுக்குப் போகும் என்பதை மறந்திருந்தான். ஆணியைக் கீழே போட்டுவிட்டு, குத்திய இடங்களுக்கு மேல் புதுத் துண்டு விரித்தான்.

மகாதேவி குனிந்து ஆணியை எடுத்தாள்.

"ஐயாவும் எங்களோடைதான் இருக்கப்போறார். தெற்கு அறை அவருக்கு. கொழும்பு மாப்பிள்ளைக்கு ஓம் சொல்லு எண்டு, சோறு தராமல் என்னைப் பூட்டி வைச்சவர்."

அவள் தெற்கு அறைக்குப் போய், கட்டில் போடவிருந்த மூலையிலிருந்து குத்தத் தொடங்கினாள். பரமலிங்கம் கொங்கிறீற் குழைக்கப் போனான்.