அப்பா துரத்த வேண்டும்

என்னைப் பெண் பார்க்க வந்த மாப்பிள்ளை ஊமைப்படக்காரர். கறுப்பு வெள்ளையில் இருந்தார், கொஞ்சம் வேகமாக நடந்தார். கூடவே ஓர் ஆர்மோனியக்காரர் வந்தார். அவருக்கும் சேர்த்துத்தான் அம்மா சொஜ்ஜி கிண்டியிருந்தாள்.

வாசலில் வாழைப்பழத் தோல் இல்லை. மாப்பிள்ளையே சட்டைப்பையிலிருந்து எடுத்துப் போட்டு, வழுக்கி விழுந்து, எழுந்து வணக்கம் வைத்தார். "நல்ல வளர்ப்பு" என்று அம்மா என் காதில் சொன்னாள்.

காப்பி கொண்டுபோனேன். மடக்கு நாற்காலி அவரோடு சேர்ந்து மடங்கியது. காப்பி அப்பாவின் தலையில் கொட்டியது. மாப்பிள்ளையின் வாய் அசைந்தது. சற்றுப் பொறுத்துச் சுவரில் எழுத்து வந்தது: "பெண்ணைப் பிடித்திருக்கிறது."

அடேயப்பா, எவ்வளவு நிம்மதி! முன்பு வந்தவர்கள் எல்லாம் பஜ்ஜியைத் தின்றுவிட்டு, ஊருக்குப் போய்ச் சொல்கிறோம் என்று போனவர்கள். எனக்கும் இவரை ரொம்பப் பிடித்துவிட்டது.

"அப்போ தட்டு மாத்திக்கலாமா?" என்றாள் அம்மா.

"அதுக்கு முன்னால பொண்ணோட அப்பா மாப்பிள்ளையத் துரத்தணும்மா" என்றார் ஆர்மோனியக்காரர். "துரத்தாமக் கல்யாணம் நடந்ததா சரித்திரமே கெடையாது."

அப்பா துண்டால் தலையைத் துடைத்துக்கொண்டார். "தங்கமான பிள்ளை. இவரைப் போய் எதுக்குத் துரத்தணும்? எனக்கு மூட்டுவலி வேற."

மாப்பிள்ளையின் முகம் வாடியது. அவரைச் சுற்றி ஒரு கறுப்பு வட்டம் தோன்றிச் சுருங்க ஆரம்பித்தது.

"வட்டம் மூடிடுச்சுன்னா படம் அவ்வளவுதான். அடுத்த ஊருக்குக் கெளம்பிருவோம்" என்றார் ஆர்மோனியக்காரர்.

எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. "எனக்கு இவருதான்ப்பா வேணும். எந்திரிச்சு ஓடுங்கப்பா!"

அப்பா என் முகத்தைப் பார்த்தார். வேட்டியை மடித்துக் கட்டினார். குடையை எடுத்தார். வட்டம் விலகியது.

ஆர்மோனியம் வேகம் பிடித்தது. மாப்பிள்ளை என் கையைப் பிடித்துக்கொண்டு மேசையைச் சுற்றி, கிணற்றைச் சுற்றி, கடைத்தெரு வழியாக ஓடினார். பின்னாலேயே குடையோடு அப்பா. பிள்ளையார் கோயில் வாசலில், ஓடுகிற ஓட்டத்திலேயே மாப்பிள்ளை தாலி கட்டினார். என் அரக்குப் புடவை சாம்பல் நிறமாகிவிட்டது. "கலர் பாத்துப் பாத்து எடுத்த புடவை, போச்சே!" என்று அம்மா அதற்கு மட்டும்தான் வருத்தப்பட்டாள்.

இப்போது நாங்கள் சந்தோஷமாக இருக்கிறோம். துரத்துவது நின்றால் படம் முடிந்துவிடும் என்று ஆர்மோனியக்காரர் சொல்லியிருக்கிறார். அதனால் அப்பா நிற்பதில்லை.

சாயங்காலம் எங்கள் தெரு வழியாகத்தான் ஓடி வருவார். மோர் டம்ளரை நீட்டிக்கொண்டு வாசலில் நிற்பேன். ஓடியபடியே வாங்கிக் குடிப்பார். நேற்றுக் குடித்துவிட்டு ஏதோ வாய் அசைத்தார். அவர் தெருமுனை திரும்பிய பிறகு எதிர்வீட்டுச் சுவரில் எழுத்து வந்தது: "உப்பு கொஞ்சம் கம்மி."